சயாமுக்குப் போனவங்க: கல்லுல இல்லாத பேரைப் பேச்சுல தேடுறது

தாய்லாந்துல காஞ்சனபுரி ஊருக்குப் போனீங்கன்னா ரயில் ஸ்டேஷனுக்குக் கிட்டயே ஒரு கல்லறைத் தோட்டம் இருக்கு. புல்லு வெட்டி, செடி வச்சு, வரிசை வரிசையா கல்லு, ஒவ்வொரு கல்லுலயும் ஒரு ஆளோட பேரு, வயசு, படைப்பிரிவு, செத்த தேதி. கிட்டத்தட்ட 7,000 பேரு. ஆத்துக்கு அந்தப் பக்கம் சுங்காய்ங்கற இடத்துல இன்னொண்ணு, அங்க 1,700-க்கு மேல. ரெண்டாம் உலகப் போர்ல ஜப்பான்காரன் போட்ட சயாம் பர்மா ரயில்பாதையோட (சயாம்ங்கறது தாய்லாந்தோட பழைய பேரு) பர்மா முனையில தான்பியுசாயாட்ல 3,700-க்கு மேல. பெரும்பாலும் பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சு போர்க்கைதிங்க. அதே தண்டவாளத்துக்காக, அதே மழையில, அதே காலராவுல செத்த, மலேயா ரப்பர் தோட்டங்கள்ல இருந்து போன நம்ம தமிழாளுங்களுக்கு இந்த மாதிரி ஆளுக்கு ஒரு கல்லு, கல்லுக்கு ஒரு பேருன்னு எங்கயுமே கிடையாது.

உள்ளூர் வரலாறை ஆவணப்படமா எடுக்கணும், பெரியவங்க பேச்சை ரெக்கார்ட் பண்ணி வைக்கணும்னு இப்ப நிறைய பேர் கிளம்பியிருக்காங்க, ரொம்ப சந்தோஷமா இருக்கு பார்க்க, ஆனா கேமரா எடுத்துட்டுப் போறதுக்கு முன்னாடி சயாம் பர்மா ரயில்பாதை விஷயத்துல என்ன நடந்துச்சு, எது மிஞ்சுச்சு, எது போச்சு, ஏன் போச்சுன்னு ஒரு தடவை உக்காந்து பார்த்துட்டுப் போனா நல்லதுன்னு எனக்குத் தோணுது. எழுதுறதுக்கு வீட்டுக் காரணமும் ஒண்ணு இருக்கு, அதைக் கடைசியில சொல்றேன்.

முதல்ல என்ன நடந்துச்சுன்னு

1941 டிசம்பர் 8 கோத்தா பாருல ஜப்பான் படை இறங்குச்சு, 1942 பிப்ரவரி 15 சிங்கப்பூர் விழுந்துடுச்சு. பர்மாவுல இருந்த படைக்குச் சாமான் அனுப்ப ஜப்பானுக்குக் கடல் வழி ஆபத்தா போச்சு, மலாக்கா நீரிணையைச் சுத்திப் போற கப்பல்களை நீர்மூழ்கிங்க அடிச்சுட்டு இருந்துச்சு. அதனால தாய்லாந்துல நோங் பிளாடுக்ல இருந்து பர்மாவுல தான்பியுசாயாட் வரைக்கும் 415 கிலோமீட்டர், மலையையும் காட்டையும் பொளந்துக்கிட்டு ஒரு ரயில்பாதை போடணும்னு முடிவு. வெள்ளைக்காரன் இதே வழியை முன்னாடியே யோசிச்சுட்டு, ரொம்பக் கஷ்டம்னு விட்டுட்டதுதான். 1942 நடுவுல வேலை ஆரம்பிச்சு 1943 அக்டோபர் 17 அன்னைக்கு கொன்கொய்ட்டாங்கற இடத்துல ரெண்டு முனையும் சேர்ந்துச்சு, 25-ந் தேதி திறப்பு விழா. மொத்த வேலையும் முடிஞ்சது ஒண்ணேகால் வருஷத்துக்குக் கொஞ்சம் மேல, அவ்வளவுதான்.

போர்க்கைதிங்க 60,000 பேருக்கு மேல வேலை செஞ்சாங்க, 12,000 பேருக்கு மேல செத்தாங்க. ஆசியக் கூலிங்க எத்தனை பேருன்னு கேட்டா கணக்கு 1,80,000-ல இருந்து 2,50,000 வரைக்கும் போகுது, செத்தவங்க சுமார் 90,000-ன்னு சொல்றாங்க. பர்மியருங்க, ஜாவாக்காரங்க, மலாய்க்காரங்க, சீனருங்க எல்லாரும் இதுல உண்டு. மலேயாவுல இருந்து மட்டும் 75,000 பேருக்கு மேல போயிருக்காங்க, அதுல பெரும்பாலானவங்க ரப்பர் தோட்டத்துத் தமிழங்க.

எப்படிப் போனாங்கங்கறதுதான் முக்கியம். சண்டை வந்ததும் ரப்பர் வாங்க ஆளில்ல, தோட்டம் நின்னு போச்சு, துரை ஓடிட்டான், அரிசி இல்ல, மரவள்ளிக்கிழங்கு சாப்பிட்டுக்கிட்டு லயத்துல, அதாவது தோட்டத்து வரிசை வீட்டுல, உக்காந்திருக்குற ஜனங்க. அவங்ககிட்ட வந்து மூணு மாசம் வேலை, நாளுக்கு ஒரு வெள்ளி (மலேயா டாலர்) கூலி, சாப்பாடு, வைத்தியம், தங்க இடம், வேணும்னா குடும்பத்தோடயே வரலாம்னு சொன்னா யாரு போக மாட்டாங்க. முதல்ல போனவங்க அப்படி நம்பித்தான் போனாங்க. போனவங்க திரும்பி வரலைன்னு தெரிஞ்சதும் அடுத்து யாரும் கிளம்பல, அப்பத்தான் தோட்டத்துக்கு இத்தனை ஆளுன்னு கணக்கு கேட்டாங்க, அதுக்கப்புறம் புடிச்சுட்டுப் போறது. இலவசமா படம் காட்டுறோம்னு கூப்பிட்டு, எல்லாரும் உள்ள வந்ததும் கதவைச் சாத்தி, அப்படியே லாரியில ஏத்தி ரயிலுக்கு அனுப்புன சம்பவம் எல்லாம் பதிவாகியிருக்கு. சரக்கு வேகன்ல பான் போங் வரைக்கும், அங்கிருந்து காட்டுக்குள்ள நடை, மூட்டை முடிச்சோட, சிலர் பொண்டாட்டி புள்ளைங்களோட.

1943 மே மாசம் மழையோட காலரா வந்துச்சு. போர்க்கைதிங்க முகாம்லயும் கொத்துக் கொத்தாத்தான் செத்தாங்க, ஆனா அவங்ககிட்ட டாக்டருங்க இருந்தாங்க, அதிகாரிங்க இருந்தாங்க, தண்ணியைக் கொதிக்க வச்சுத்தான் குடிக்கணும்னு உத்தரவு போட ஆளு இருந்துச்சு. தமிழாளுங்க இருந்த கொட்டகையில அது எதுவுமே கிடையாது, ஆத்துத் தண்ணியை அப்படியே குடிச்சாங்க, ஒரு கொட்டகையில இன்னைக்கு நூறு பேர் இருந்தா அடுத்த வாரம் எத்தனை பேர் இருப்பாங்கன்னு சொல்ல முடியாது. ரொம்ப லேட்டா, 1943 ஜூன்லயும் ஆகஸ்ட்லயும், சிங்கப்பூர் சாங்கி போர்க்கைதி முகாம்ல இருந்து கே படை, எல் படைன்னு ரெண்டு மருத்துவக் குழுவை ஜப்பான்காரன் அனுப்புனான் கூலிங்களைப் பார்த்துக்கறதுக்குன்னு, அதுக்குள்ள நடக்க வேண்டியது நடந்து முடிஞ்சிருந்துச்சு. குழி வெட்டி மொத்தமா போட்டாங்க, இல்ல மொத்தமா கொளுத்துனாங்க.

ஏன் ஒரு பக்கத்துக்குப் பேரு இருக்கு, இன்னொரு பக்கத்துக்கு இல்ல

1945 செப்டம்பர்ல, சண்டை முடிஞ்சு சில வாரத்துலயே, ஒரு சின்னக் குழு அந்தப் பாதை முழுக்க கல்லறை தேடிப் போச்சு. 144 இடத்துல 10,500-க்கு மேல கல்லறையைக் கண்டுபுடிச்சாங்க, கண்டுபுடிக்க முடியாம விட்டது ரொம்பக் கொஞ்சம். எப்படி முடிஞ்சுச்சு? கைதிங்க முகாம்ல ரகசியமா பட்டியல் எழுதி வச்சிருந்தாங்க. யாரை எங்க புதைச்சோம்னு வரைபடம் போட்டு மண்ணுக்குள்ள ஒளிச்சு வச்சிருந்தாங்க. சிலர் டைரி எழுதுனாங்க, சிலர் கிடைச்ச காகிதத்துல படம் வரைஞ்சாங்க, புடிபட்டா அடி உயிரு போற மாதிரி இருக்கும், அப்படியும் செஞ்சாங்க. அந்தத் தைரியத்துக்கு நான் மனசார தலைவணங்குறேன்.

நம்மாளுங்க மறந்துட்டாங்கன்னோ அக்கறை இல்லைன்னோ யாரும் சொல்லிடக் கூடாது. அவங்களுக்கு எழுதத் தெரியாது, பெரும்பாலும். அவங்க பேரு இருந்த ஒரே காகிதம் தோட்டத்து ஆபீஸ் செக்ரோல்லயும் (ஆள் வருகை, கூலி எழுதுற பதிவேடு) ஆள் எடுத்தவன் கையில இருந்த லிஸ்ட்லயும்தான், அது எங்க போச்சோ. ராணுவம்னா செத்தவனைக் கணக்கு காட்டியே ஆகணும், அவன் குடும்பத்துக்குத் தந்தி அடிச்சே ஆகணும். கூலின்னா ஒருத்தன் குறைஞ்சா இன்னொருத்தனைக் கொண்டுவரணும், அவ்வளவுதான். பேரு காணாம போனது இந்த அமைப்பால.

அப்புறம் 1957-ல ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் க்வாய்’ வந்துச்சு. உலகம் முழுக்க இந்த ரயில்பாதைன்னாலே அந்தப் படம்தான். அதுல கதை முழுக்க பிரிட்டிஷ் கைதிங்களைச் சுத்திதான், லட்சக்கணக்குல வேலை செஞ்ச ஆசியக் கூலிங்க கதைக்குள்ளயே வரல. படம் எடுத்தது இலங்கையில கிதுல்கலவுல, களனி கங்கையில. அந்த வட்டாரத்து ரப்பர் தோட்டங்கள்லயும் அப்போ தமிழங்க பால் வெட்டிக்கிட்டு இருந்தாங்க, நினைச்சா எனக்கு நெஞ்சு ஒரு மாதிரி ஆயிடும். இன்னும் ஒண்ணு, நிஜப் பாலம் நிக்கிறது மே க்ளோங் ஆத்து மேல. படம் பார்த்துட்டு வந்த டூரிஸ்ட்டுங்க க்வாய் ஆறு எங்கன்னு கேட்டுக் கேட்டு 1960-கள்ல அந்தப் பகுதி ஆத்துக்கு க்வாய் யாய்னு பேரே மாத்திட்டாங்க. ஒரு படத்துக்கு இருக்குற பலம் இவ்வளவு. அதனாலதான் படம் எடுக்குறவங்க பொறுப்பா இருக்கணும்னு திரும்பத் திரும்பச் சொல்றேன்.

காஞ்சனபுரியில பாலத்துக்குக் கிட்ட 1944-ல ஜப்பான் ராணுவமே கட்டுன ஒரு நினைவுத்தூண் இருக்கு, அதுல பல மொழிப் பலகைங்களோட தமிழ்லயும் ஒண்ணு இருக்கு. வேலை வாங்கிக் கொன்னவன் வச்ச கல்லுல நம்ம மொழி இருக்கு, நம்ம பேரு இல்ல. 1990-ல அதே ஊர்ல ஒரு வயல்ல தோண்டுனப்போ நூத்துக்கணக்குல எலும்புக்கூடு கிடைச்சுச்சு, ஆசியக் கூலிங்களோடதுன்னுதான் சொன்னாங்க. யாரு என்னன்னு எதுவும் இல்ல.

யாரு கேட்டாங்க, எப்ப கேட்டாங்க

இந்த விஷயத்துல ஒழுங்கா வாய்மொழி வரலாறு செஞ்ச இடம்னு சொன்னா எனக்கு முதல்ல நினைவுக்கு வர்றது சிங்கப்பூர். 1979-ல அரசாங்கமே வாய்மொழி வரலாற்றுக்குன்னு ஒரு பிரிவு ஆரம்பிச்சாங்க, 1981-ல இருந்து ஜப்பான்காரன் காலத்தைப் பத்தித் தனித் திட்டமா எடுத்துக்கிட்டு ஆளுங்களைக் கூப்பிட்டுக் கூப்பிட்டுப் பேச வச்சாங்க, சீனம், மலாய், தமிழ், ஆங்கிலம்னு அவங்கவங்க மொழியிலயே. நான் அவங்ககிட்ட கத்துக்கிட்டது ரெண்டு மூணு விஷயம். ஒண்ணு, நேரா சண்டைக்கு வர மாட்டாங்க. எங்க பொறந்தீங்க, அப்பா என்ன வேலை, வீட்டுல என்ன சமைப்பீங்க, எந்தப் பள்ளிக்கூடம்னு ஆரம்பிச்சு மணிக்கணக்கா போகும். கேக்குறவங்களுக்குப் பொறுமை வேணும், ஆனா அப்படிப் பேசிப் பேசித்தான் ஞாபகம் ஒண்ணைப் புடிச்சு ஒண்ணு மேல வரும். ரெண்டாவது, ரீல் ரீலா, அரை மணி நேரத்துக்கு ஒண்ணா பிரிச்சு, ஒவ்வொரு ரீலுக்கும் இதுல என்ன பேசியிருக்குன்னு சுருக்கம் எழுதி வச்சாங்க. அதனாலதான் நாப்பது வருஷம் கழிச்சு வீட்டுல உக்காந்துக்கிட்டு தேடி எடுத்து கேக்க முடியுது. சுருக்கம் இல்லாத ரெக்கார்டிங் பூட்டுன பெட்டி மாதிரி, உள்ள என்ன இருக்குன்னு பார்க்க மொத்தத்தையும் கேட்டாகணும், அவ்வளவு நேரம் யாருக்கு இருக்கு.

ஆனா சிங்கப்பூர் நகரம். சயாமுக்கு ஆளுங்க போன தோட்டங்க எல்லாம் எல்லைக்கு அந்தப் பக்கம், ஜொகூர், சிலாங்கூர், பேராக், கெடா. அங்க என்ன ஆச்சுன்னா, தோட்டமே கலைஞ்சு போச்சு. 1950-கள்லயும் 60-கள்லயும் வெள்ளைக்காரக் கம்பெனிங்க தோட்டத்தைத் துண்டு துண்டா வித்தாங்க, வேலை போச்சு, அப்புறம் ரப்பர் போயி செம்பனை (பாமாயில் மரம்) வந்துச்சு, அதுக்குப்புறம் வீட்டுமனை. லயத்தை இடிச்சுட்டாங்க, ஜனங்க டவுனுக்கு வெளிய ஃபிளாட்டுலயும் கம்பத்துலயும் (கிராமத்துக் குடியிருப்பு) சிதறிட்டாங்க. இது ஏன் முக்கியம்னா, ஞாபகம்ங்கறது தனி ஆளு மண்டையில மட்டும் இருக்குறது இல்ல. சாயங்காலம் லயத்து வாசல்ல உக்காந்து அந்த வீட்டுக்காரர் சயாமுக்குப் போனாரே, அவரு பொண்டாட்டி இந்த மரத்தடியிலதான் உக்காந்து பார்த்துக்கிட்டே இருக்கும்னு ஒருத்தி சொல்ல, இல்லடி அது அந்த மரம்னு இன்னொருத்தி திருத்த, அப்படித்தான் ஞாபகம் உயிரோட இருக்கும். மரமும் இல்ல, வாசலும் இல்ல, பக்கத்து வீட்டுக்காரியும் இல்லன்னா சொல்றவங்களே தனியாயிடறாங்க, கொஞ்ச நாள்ல நிறுத்திடறாங்க.

மலேசியாவுல தமிழ் எழுத்தாளருங்க இதை நாவலா எழுதுனாங்க, அதுக்குப் பெரிய நன்றி சொல்லணும், ரொம்ப வருஷம் இந்த விஷயத்தைப் புடிச்சு வச்சிருந்தது அவங்கதான். சயாமுக்குப் போன ஆளுங்க குடும்பத்துக்காகவும் நினைவுச் சின்னத்துக்காகவும் பேசுற குழு அமைஞ்சுச்சு. 2014 வாக்குல தமிழ்ல ஆவணப்படம் வந்துச்சு, உயிரோட இருந்த கொஞ்சப் பேரைத் தேடிப் புடிச்சு பேச வச்சாங்க. 1943-ல இருபது வயசு ஆளு 2014-ல தொண்ணூறைத் தாண்டியிருப்பாரு, கணக்கு போட்டுப் பாருங்க. அவங்க செஞ்சது பெரிய வேலை, கடைசி பஸ்ஸை ஓடிப்போயி புடிச்ச மாதிரி. ஆனா அதுக்கு முப்பது வருஷம் முன்னாடி, தோட்டத்துல பாதி லயமாவது நின்னப்போ, ஒரு கேசட் ரெக்கார்டரோட யாராவது தோட்டம் தோட்டமா போயிருந்தா என்ன கிடைச்சிருக்கும்னு நினைக்காம இருக்க முடியல.

யாரைக் கேக்கல

சயாம் பத்திப் பேசுறப்ப எல்லாரும் தேடுறது போயிட்டு வந்த ஆம்பளைங்களை. அது சரிதான், ஆனா போனவங்களை விட பின்னாடி இருந்தவங்க எத்தனையோ மடங்கு. புருஷன் போனதுக்கப்புறம் லயத்துல மூணு புள்ளையை வச்சுக்கிட்டு இருந்த பொம்பளை எப்படிப் பொழைச்சா, கிழங்குக் கொல்லை யாரு போட்டது, துணி இல்லாம என்ன கட்டுனாங்க, ஜப்பான்காரன் அடிச்ச வாழைமரப் படம் போட்ட நோட்டுக்குக் கடைசியில என்ன வாங்க முடிஞ்சுச்சு, அவரு செத்துட்டாருன்னு யாரு வந்து சொன்னது, சொல்லாமலே இருந்தா எந்த வருஷம் தாலியைக் கழட்டுனா, கழட்டுனாளா இல்லையா. இந்தக் கேள்விக்கு எல்லாம் எந்த ராணுவ ஆவணத்துலயும் பதில் கிடையாது, அந்தப் பொம்பளை வாயில மட்டும்தான் இருந்துச்சு, அவங்க முக்கால்வாசிப் பேரு யாரும் கேக்காமலே போய்ச் சேர்ந்துட்டாங்க. என்னைக் கேட்டா இந்தக் கேஸ்ல நடந்த பெரிய இழப்பு இதுதான், கல்லறை இல்லாததை விடவும்.

இன்னொண்ணையும் கவனிக்கணும். அதே காலத்துல அதே தோட்டத்துல இருந்து நேதாஜி படைக்குப் போனவங்க இருக்காங்க, 1943-ல சிங்கப்பூர்ல ஜான்சி ராணி படை ஆரம்பிச்சப்போ பால் வெட்டுன பொண்ணுங்க போயி துப்பாக்கி புடிச்சாங்க. அவங்க கதை நல்லா பதிவாகியிருக்கு, பேட்டி, போட்டோ, புஸ்தகம் எல்லாம் இருக்கு. ஏன்னா அது பெருமை, சொல்லத் தோணும், பேரன் பேத்தி கேக்கும். சயாம் அப்படி இல்ல, ஏமாந்து போனது, மாடு மாதிரி ஏத்திட்டுப் போனது, கூட வந்தவன் பேதியில செத்ததைப் பார்த்துட்டு அவன் போர்வையை எடுத்துப் போத்திக்கிட்டது, இதை யாரு பேரன்கிட்ட சொல்லுவாங்க. அதனால வாய்மொழி வரலாறு எடுக்குறவங்க தானா கிடைக்குற கதையோட நிறுத்திடக் கூடாது, அது எப்பவும் பெருமைக் கதையாத்தான் இருக்கும். ஊர்ல எந்த விஷயத்தைப் பத்திப் பேச்சு வந்தா பெருசுங்க எழுந்து மாட்டைப் பார்க்கப் போறாங்களோ அங்கதான் உக்காரணும், ரெண்டு தடவை மூணு தடவை போயி, கேமரா இல்லாம.

படத்துக்குள்ள வர்ற சிக்கல்

தமிழ்க் கூலிங்களோட போட்டோ ரொம்ப ரொம்பக் கம்மி. அதனால இதைப் பத்தி வர்ற வீடியோக்கள்ல என்ன பண்றாங்கன்னா, பின்னணியில தமிழ்ல நம்ம ஜனங்க பட்ட பாட்டைச் சொல்லிக்கிட்டே திரையில எலும்பும் தோலுமா நிக்கிற வெள்ளைக்காரக் கைதிங்க போட்டோவைப் போடுறாங்க. பார்க்குறவங்களுக்கு வேகமா மனசுல பதியும், நிஜம்தான், ஆனா அது அந்த ஆளுக்கும் அநியாயம், நம்ம ஆளுக்கும் அநியாயம். படம் இல்லைன்னா இல்லைன்னு காட்டுங்க. அந்த வெத்திடமே பெரிய சாட்சி. மலையை உளியால வெட்டுன ஹெல்ஃபயர் பாஸ் இன்னும் இருக்கு, அங்க 1998-ல ஆஸ்திரேலிய அரசாங்கம் மியூசியம் திறந்துச்சு, வருஷா வருஷம் அவங்க போர்வீரர் நினைவு நாளான ஏப்ரல் 25 விடியக்காலையில அவங்க ஆளுங்க வந்து கும்பிடுறாங்க. வாம்போவுல பாறையை ஒட்டி மரத்தூண் மேல இன்னும் ரயில் ஓடுது. நாம் தோக் வரைக்கும்தான் இப்ப ரயில், அதுக்கு மேல பாதையைப் பிரிச்சு எடுத்துட்டாங்க, இன்னும் கொஞ்ச தூரம் 1980-கள்ல கட்டுன அணையோட தண்ணிக்குள்ள கிடக்கு. அந்த இடங்களைக் காட்டுங்க, ஒரு கிழவியோட குரலை அது மேல ஓட விடுங்க, வயலினும் வேண்டாம் நடிச்சுக் காட்டுறதும் வேண்டாம்.

எண்ணிக்கை விஷயத்துலயும் நிதானம் வேணும். சயாம்ல செத்த தமிழங்கன்னு ஆளாளுக்கு ஒரு எண் சொல்றாங்க, ஒண்ணரை லட்சம்னு கூட எழுதுறாங்க. மலேயாவுல இருந்து மொத்தமா போனவங்களைப் பத்தி இருக்குற கணக்கை விட அது ரொம்ப அதிகம். ஜப்பான்காரன் கணக்கு குறைச்சுக் காட்டியிருப்பான், ஓடிப்போனவங்கன்னு எழுதுனதுல நிறைய பேரு காட்டுல செத்திருப்பாங்க, அதெல்லாம் உண்மை, அதுக்காக நாம கூட்டிச் சொல்ல வேண்டியதில்ல. வாய்மொழியில எண்ணைத் தேடாதீங்க. எங்க தோட்டத்துல இருந்து போனவங்க எல்லாரும் செத்துட்டாங்கன்னு ஒரு அம்மா சொன்னா அது கணக்கு இல்ல, அந்தத் தோட்டத்துல எத்தனை வீட்டுல அடுப்பு எரியலங்கறதை அந்த அம்மா சொல்ற விதம். எண்ணுக்கு ஆவணத்தைப் பாருங்க, ஆவணம் சொல்லாததுக்கு அந்த அம்மாவைக் கேளுங்க, ரெண்டும் முரண்பட்டா ரெண்டையும் அப்படியே வைங்க.

படம் சின்னது, ரஷ்தான் (வெட்டாத முழுப் பதிவு) பெருசு

ஒரு பெரியவர்கிட்ட ரெண்டு மணி நேரம் பேட்டி எடுப்போம், படத்துல அவரு நாப்பது செகண்ட் வருவாரு. அது எடிட்டிங்கோட இயல்பு, தப்பு இல்ல. தப்பு என்னன்னா படம் ரிலீஸ் ஆனதும் மிச்ச ஒரு மணி ஐம்பத்தொன்பது நிமிஷம் ஏதோ ஒரு ஹார்டு டிஸ்க்குல, மேல பிளாஸ்திரி ஒட்டி ஃபைனல் 2-ன்னு எழுதி, பீரோவுல போயி உக்காந்துடும், அஞ்சு வருஷத்துல டிஸ்க் செத்துடும். படம் எடுக்குறவங்களுக்கு அது வேண்டாத ஃபுட்டேஜ், ஆனா அடுத்த தலைமுறைக்கு அதுதான் வரலாறு. அவரு பேச்சை நிறுத்திட்டு வெளிய பார்த்துக்கிட்டு இருந்த ஒரு நிமிஷம், பொண்டாட்டி உள்ள இருந்து இல்லங்க அது மாசி மாசம்னு திருத்துனது, சொந்தக்காரன் பேரைச் சொல்லிட்டு அவனைப் பத்தி அப்புறம் சொல்றேன்னு விட்டது, எல்லாம் அங்கதான் இருக்கு. அதனால படத்துக்குன்னு பட்ஜெட் போடுறப்பவே முழு ரெக்கார்டிங்கையும் வெட்டாம மூணு காப்பி, வேற வேற இடத்துல வைக்கிறதுக்குக் காசு ஒதுக்குங்க. ஒரு காப்பி அந்தக் குடும்பத்துக்கு, கட்டாயமா. ஈழத்துத் தமிழ் ஆவணங்களுக்காக 2005-ல இருந்து நடக்குற நூலகம் மாதிரி இடங்கள் இப்ப ஒலி ஒளி எல்லாம் சேர்த்து வைக்கிறாங்க, அந்த மாதிரி ஒரு பொது இடத்துல ஒண்ணு. பேசுனவங்ககிட்ட என்னென்னத்துக்கு இதைப் பயன்படுத்தலாம், எதை அவங்க காலத்துக்கு அப்புறம்தான் வெளிய விடணும்னு கேட்டு அதையும் ரெக்கார்டிங்லயே பேச வைங்க, படிக்கத் தெரியாதவங்ககிட்ட ஆங்கிலப் பேப்பர்ல கைநாட்டு வாங்குறது என் பார்வையில சம்மதமே இல்ல.

எங்க வீட்டு ரெக்கார்டிங்

எங்க அப்பாயிக்கு அண்ணன் ஒருத்தர் இருந்தாரு. 1938-ல இந்திய அரசாங்கம் மலேயாவுக்குத் தோட்டக் கூலியா ஆள் அனுப்புறதை நிறுத்துறதுக்கு முன்னாடியே நாகப்பட்டினத்துல கப்பல் ஏறிப் போயிட்டாரு. காசு அனுப்புவாரு, காயிதம் வரும், வேற யாராவது எழுதிக் குடுத்தது. 1941 கடைசியில நின்னு போச்சு. சண்டை முடிஞ்சும் வரல, அவரும் வரல. சயாமுக்குப் போனாரா, தோட்டத்துலயே பசியில போனாரா, இல்ல அங்கயே ஒரு குடும்பமாகி இருந்தாரா, எங்களுக்குத் தெரியாது, இனிமே தெரியவும் போறதில்ல. அப்பாயி சாகுற வரைக்கும் மலேயா அண்ணன்னுதான் சொல்லும், எறந்தவங்களுக்குப் படைக்கிறப்ப அவருக்கு எலை போட விடாது.

2009-ல, எனக்கு இந்த வேலை ஒண்ணும் தெரியாத வயசுல, போன்ல வச்சு அப்பாயியைப் பேச வச்சேன். ஒண்ணரை மணி நேரம் பேசுச்சு. நான் பண்ணுன தப்பு ஒவ்வொண்ணும் இப்பவும் உறுத்துது. ஃபேன் ஓடிட்டு இருந்துச்சு, நிறுத்தல. நடுவுல நடுவுல குறுக்க பேசுனேன், அதெல்லாம் விடு அப்பாயி, மலேயா கதையைச் சொல்லுன்னு ரெண்டு தடவை சொன்னேன், அது சொல்ல வந்தது அண்ணன் கப்பல் ஏறுன அன்னைக்குக் காலையில அவங்க அம்மா கட்டிக் குடுத்த சோத்தைப் பத்தி. காப்பி எடுக்காம போன் மாத்துனேன். கடைசியா மிஞ்சுனது அப்ப ஒரு சித்தப்பாவுக்கு அனுப்பி வச்சிருந்த ஒரு துண்டு மட்டும், பதினோரு நிமிஷம்.

போன வருஷம் அந்தப் பதினோரு நிமிஷத்தையும் சொல்லுக்குச் சொல் எழுதி முடிச்சேன், சிங்கப்பூர்க்காரங்க ரீலுக்கு எழுதுன மாதிரி நிமிஷத்துக்கு நிமிஷம் சுருக்கமும் போட்டேன், மூணு காப்பி எடுத்து அத்தை வீட்டுல ஒண்ணு குடுத்தேன். ரெண்டாவது நிமிஷம், கப்பல்காரன் குடுத்த தகர டிக்கெட்டு. நாலாவது நிமிஷம், முதல் மணியார்டர்ல வாங்குன பசு மாடு, அதோட நிறம். அஞ்சாவதுல நான் குறுக்க பேசுறேன். ஏழு நிமிஷம் நாப்பதாவது செகண்ட்ல அப்பாயி அவரு பேரைச் சொல்லுது, முழுப் பேரு, அப்பா பேரோட, எந்தத் தெருன்னும் சேர்த்து, ஃபேன் சத்தத்துக்கு மேல தெளிவா கேக்குது. நான் தேடுன வரைக்கும் அந்தப் பேரு எழுத்துல எங்கயும் இல்ல. அதுக்கப்புறம் பதினஞ்சு செகண்ட் அப்பாயி ஒண்ணும் பேசல, நானும் அந்த ஒரு தடவை குறுக்க பேசல.